நாலாம் கட்டிலின் இருபத்தாறு சொற்கள்

சுகிர்தராணியிடம் திட்டு வாங்காமல் அந்த ஐசியூவிலிருந்து யாரும் பிழைத்து வெளியே போனதில்லை. டியூப்பைப் பிடுங்கினால் திட்டு. கஞ்சியைத் துப்பினால் திட்டு. பார்க்க வந்தவன் செருப்போடு உள்ளே நுழைந்துவிட்டால் அவனுக்கும் அவனை உள்ளே விட்ட வாட்ச்மேனுக்கும் சேர்த்துத் திட்டு. எல்லாம் முட்டம் கடற்கரைத் தமிழில்தான். பாகிஸ்தானிக்கும் வங்காளிக்கும் அதில் ஒரு எழுத்துகூடப் புரியாது, ஆனாலும் அடங்கிவிடுவார்கள். டிஸ்சார்ஜ் ஆகும் நாளில் அவளைத் தேடி வந்து கையைப் பிடித்துக்கொண்டு அழுதுவிட்டுப் போவதும் அதே ஆட்கள்தான்.

தொண்ணூற்றேழில் கல்ஃபுக்கு, சோஹாருக்கு வந்தாள். அவள் வந்தபோது துறைமுகம் வெறும் பேச்சாக இருந்தது. இரண்டாயிரத்து ஐந்தில் அது ஊரையே விழுங்கிக்கொண்டிருந்தது. கிரேனும் பள்ளமும் லேபர் கேம்ப்புமாக எங்கே பார்த்தாலும் வேலை. வேலை இருக்கிற இடத்தில் விபத்தும் இருக்கும். உடைந்தவர்களையும் விழுந்தவர்களையும் கொண்டுவந்து போட அவளுடைய எட்டுக் கட்டில் ஐசியூ இருந்தது. சம்பளமெல்லாம் ஊரில் படிக்கிற மகள் ஜினிக்கும், பாதி கட்டி நின்ற வீட்டுக்கும் போனது. அவளுக்கென்று மிஞ்சியது சர்ச்சில் வெள்ளிக்கிழமைப் பூசையும், ஏசி மெக்கானிக்கான கணவன் ஞானசிங்கோடு சாப்பிடும் ஒரு வேளை மீன்குழம்பும்தான்.

கல்ஃப் நர்சுகள் எல்லோரிடமும் இருக்கும் ஒரு சாமான் அவள் பாக்கெட்டிலும் இருந்தது. உள்ளங்கை அகலத்தில் ஒரு நோட்டு. ஒவ்வொரு மொழிக்கும் ஒரு பக்கம். வலி, தண்ணீர், மூச்சு, வாந்தி, வெளிக்குப் போவது, குளிர். வந்தவனிடம் கேட்டுக் கேட்டு, காதில் விழுந்தபடி தமிழ் எழுத்தில் எழுதிவைத்துக்கொள்வது. பட்டாணியர் பக்கம், பலூச்சிப் பக்கம், பிலிப்பினோப் பக்கம் என்று அதில் பதினொரு பக்கம் நிறைந்திருந்தது. "அவனுக்க வலிய அவனுக்க பாசையில கேட்டாத்தான் நெசத்தச் சொல்லுவான்" என்பாள், புதிதாக வரும் நர்சுகளிடம். அதில் அவளுக்குக் கொஞ்சம் கர்வமும் உண்டு. பின்னால் அந்தக் கர்வத்தை நினைத்தாலே அவளுக்கு உடம்பு கூசும்.

ஜூன் மாதம், ஒரு செவ்வாய்க்கிழமை பகல், தன்பீரைக் கொண்டுவந்தார்கள். நேபாளி. முப்பது வயதிருக்கும். துறைமுகத்துக்கு வடக்கே கழிவுநீர்க் குழாய் பதிக்கத் தோண்டிய பள்ளம் மதிய இடைவேளையில் சரிந்துவிட்டது. எல்லோரும் பஸ்ஸுக்குள் ஏசி போட்டுச் சாப்பிட்டுக்கொண்டிருந்த நேரம். இவன் மட்டும் பள்ளத்தின் ஓரமாக நடந்துபோயிருக்கிறான். கரை இடிந்து இழுத்துப் போட்டதில் தலையில் பலகை அடித்து, இடுப்பு வரை மண்ணில் கிடந்தான். எடுத்தார்கள். போலீஸ் வந்து இடத்துக்குச் சீல் வைத்தது. விசாரணை முடியும் வரை மண்வெட்டி உள்ளே போகக்கூடாது என்று உத்தரவு. ஒரே ஒருவனுக்குத்தான் காயம், அதுவரை கடவுள் காத்தார் என்று எல்லோரும் பெருமூச்சு விட்டார்கள்.

மூன்றாம் நாள், வியாழக்கிழமை காலையில், அவன் கண் திறந்தான். திறந்த கையோடு பேச ஆரம்பித்தான்.

தலையில் அடிபட்டவனுக்கு மணிக்கு ஒரு தடவை மூன்று மார்க் போட வேண்டும். கண்ணுக்கு ஒன்று, கையசைவுக்கு ஒன்று, பேச்சுக்கு ஒன்று. பேச்சுக்கு ஐந்து என்றால் ஆள் தெளிவாக இருக்கிறான். நான்கு என்றால் குழப்பம். மூன்று என்றால் சம்பந்தமில்லாத சொற்கள். இரண்டு என்றால் அர்த்தமில்லாத சத்தம். ஒன்று என்றால் பேச்சே இல்லை. சுகிர்தராணி நோட்டில் நேபாளிப் பக்கத்தைத் திருப்பி அவனிடம் பேசிப் பார்த்தாள். அவன் அதைக் காதில் வாங்கவே இல்லை. இந்தியில் பேசினாள். அதுவும் இல்லை. வார்டைத் துடைக்கும் நேபாளப் பெண் தன்மாயாவைக் கூப்பிட்டு, "கேளு, என்ன சொல்லுதான்?" என்றாள்.

தன்மாயா கட்டிலருகே நின்று கொஞ்ச நேரம் கேட்டாள். "நேபாளி நஹி ஹே, சிஸ்டர். குச் பி நஹி ஹே. ஐஸே ஹி" என்று தலையாட்டிவிட்டுத் துடைப்பத்தை எடுத்துக்கொண்டாள்.

நேபாளிப் பெண்ணே இது நேபாளி இல்லை, சும்மா சத்தம் என்று சொல்லிவிட்ட பிறகு வேறு யாரைக் கேட்பது? சுகிர்தராணி பேச்சுக் கட்டத்தில் இரண்டு என்று எழுதினாள். அடுத்த மணிக்கும் இரண்டு. அதற்கடுத்த மணிக்கும் இரண்டு.

ஆனாலும் கை பழக்கத்தை விடவில்லை. நோட்டில் ஒரு புதுப் பக்கம் திறந்து, மேலே 'கட்டில் 4' என்று போட்டு, அவன் வாயில் அடிக்கடி வந்ததை எழுதிவைத்தாள். நுஸா. குர்மா. தோகே. மொழி என்று நினைத்து அல்ல. ஒருவேளை ஏதாவது ஒரு சத்தம் தண்ணீருக்கும் இன்னொன்று வலிக்கும் என்று பிடிபட்டால் வேலை சுலபமாகுமே என்றுதான். வெள்ளிக்கிழமை அவன் ஆள்காட்டி விரலைக் கீழே கீழே காட்டி "குர்மா, குர்மா" என்றான். அவள் பெட்பேன் கொண்டுவந்து வைத்தாள். அவன் அதைத் தட்டிவிட்டான். மறுபடி கீழே காட்டினான். அவள் மறுபடி வைத்தாள். மூன்றாவது தடவை அவன் ஓவென்று அழுதான். அவள் நல்ல முட்டம் தமிழில் நாலு திட்டுத் திட்டிவிட்டு, சார்ட்டில் 'நோயாளி எரிச்சலாக இருக்கிறார்' என்று எழுதினாள். டியூப்பைப் பிடுங்கப் பார்த்ததால் சாயந்திரம் இரண்டு கையையும் துணியால் கட்டில் கம்பியோடு கட்டினார்கள். விரலைக் காட்டவும் முடியாமல் போயிற்று.

சனிக்கிழமை கம்பெனியிலிருந்து காதர் மைதீன் வந்தார். கீழக்கரைக்காரர். டைம்கீப்பர். காலையிலும் சாயந்திரமும் பஸ் வாசலில் நின்று தலை எண்ணுவது அவர் வேலை. பழம் வாங்கி வந்திருந்தார். தொண்டையில் தண்ணீர்கூட இறங்காதவனுக்கு ஆப்பிள்.

"பாவம் சிஸ்டர், நல்ல புள்ள. அண்ணனும் தம்பியுமா ரெண்டு பேரு ஒரே விசாவுல வந்தானுவ. ரெண்டு பேரும் தங்களுக்குள்ள என்னமோ ஒரு பாசை பேசிக்கிருவானுவ, மத்த நேபாளிக்கே புரியாது" என்றார்.

"தம்பிக்காரன் எங்க? இதுவர ஒரு எட்டு வந்து பாக்கலியே?"

காதர் மைதீன் முகத்தைச் சுளித்தார். "அவன் ஓடிட்டான். அண்ணன் அடிபட்ட அன்னிக்கே. சாயங்காலம் தலைய எண்ணுறேன், இவன விட்டுட்டும் ஒண்ணு கொறையிது. துபாய்க்குப் போவணும் போவணும்னு கேம்ப்ல சொல்லிக்கிட்டேதான் இருந்திருக்கான். இந்த மாசத்துல மட்டும் மூணு பேரு ஓடிட்டானுவ. ஓடிப்போயிட்டான்னு அப்ஸ்காண்டிங் ரிப்போர்ட் குடுத்துட்டேன். கலாஸ், முடிஞ்சிச்சு."

சுகிர்தராணிக்குப் பற்றிக்கொண்டு வந்தது. கூடப் பிறந்தவன் இப்படிக் கிடக்கும்போது ஓடிப்போகிறவன் ஒரு மனுசனா என்று ஆரம்பித்து, அந்தத் தம்பியை, அவன் முகத்தைக்கூடப் பார்த்திராத அந்தப் பையனை, கட்டிலுக்குப் பக்கத்திலேயே நின்று ஐந்து நிமிடம் வைதாள். கட்டிலில் கிடந்தவன் அவர்கள் இரண்டு பேர் முகத்தையும் மாறி மாறிப் பார்த்து, "நுஸா, நுஸா" என்றுகொண்டிருந்தான். அவள் கையிலிருந்த தாளில் அந்த மணிக்கும் இரண்டு என்றுதான் எழுதினாள்.

செவ்வாய்க்கிழமை, எட்டாம் நாள், எகிப்து டாக்டர் ரவுண்ட்ஸில் சொன்னார். மூளை தேறவில்லை, அறிவு திரும்புமென்று தோன்றவில்லை, கம்பெனி டிக்கெட் போட்டுத் தருகிறதாம், ஸ்ட்ரெச்சரில் ஊருக்கு அனுப்பிவிடலாம் என்று. சரி என்று தலையாட்டிவிட்டு அவள் பழைய சார்ட்டுகளைச் சேர்த்துக் கட்டப் போனாள். போகும்போது நோட்டை எடுத்துப் பக்கத்தைப் பார்த்தாள். ஐந்து நாளில் இருபத்தாறு சத்தங்கள் சேர்ந்திருந்தன. எட்டு மணிக்கு எழுதியதும் பன்னிரண்டு மணிக்கு எழுதியதும், முந்தாநாள் எழுதியதும் இன்று எழுதியதும் ஒரே சத்தம், ஒரே வரிசை. நுஸா. அப்புறம் குர்மா. அப்புறம் தோகே. பிதற்றுகிறவன் இவ்வளவு ஒழுங்காகப் பிதற்றுவானா?

அவன் பக்கத்தில் போய் நின்று, நோட்டைப் பார்த்து, வாய்க்கு வந்தபடி வாசித்தாள்.

"நுஸா."

அவன் கட்டிய கை துடித்தது. துணிக்குள்ளிருந்து விரல்களை நீட்டி அவள் மணிக்கட்டைப் பிடித்தான். அப்படியொரு பிடி. அவள் முகத்தை உற்றுப் பார்த்து, வேக வேகமாக, மூச்சு வாங்கிக்கொண்டு, நிறுத்தி நிறுத்தி, சின்னப் பிள்ளைக்குச் சொல்வது போல ஒவ்வொரு சொல்லாகச் சொன்னான். கண்ணிலிருந்து நீர் காதுக்குள் ஓடியது. இருபது வருஷ அனுபவம் அவளுக்கு. இவன் முழு அறிவோடு பேசிக்கொண்டிருக்கிறான் என்பது அந்த ஒரு நொடியில் தெரிந்துவிட்டது. கண் திறந்த நாளிலிருந்தே இப்படித்தான் பேசியிருக்கிறான்.

டாக்டரைப் பாதி ரவுண்ட்ஸில் இழுத்துக்கொண்டு வந்தாள். அவர் பார்த்துவிட்டு மெல்லச் சொன்னார். தலையில் அடி விழுந்தால் சில பேருக்குப் பின்னால் கற்ற மொழிகளெல்லாம் கொஞ்ச காலத்துக்கு அழிந்துபோகும், தாய்மொழி மட்டும் மிஞ்சும். இவனுக்கு நேபாளி தாய்மொழியாக இருந்திருக்காது. டிக்கெட்டை நிறுத்திவையுங்கள் என்றார்.

அவன் தாய்மொழி தெரிந்த ஆளை எங்கே போய்ப் பிடிப்பது? காதர் மைதீன் பைலைத் தேடி, அவன் ஊர் மலையின் அடிவாரத்துக் கடைத்தெருவில் ஒரு போன் நம்பர் கொடுத்தார். தன்மாயா பேசினாள். கடைக்காரன் சொன்னதைக் கேட்டு அவளே திகைத்துப் போனாள். அந்தப் பேச்சு ஒரே ஒரு ஊருக்கு உரியது. பிள்ளைகள் பள்ளிக்கூடத்தில் நேபாளி பேசி அதை விட்டு ஒரு தலைமுறை ஆகிவிட்டது. இப்போது ஏழெட்டுக் கிழடுகள் பேசும், அப்புறம் கிழடுகளிடம் வளர்ந்த இந்த அண்ணன் தம்பி இரண்டு பேர். அவ்வளவுதான். பேருகூடக் கிடையாது, 'நம்ம பேச்சு' என்றுதான் சொல்வார்களாம். பையன்களின் பெரியப்பாவுக்கு ஆள் அனுப்புகிறேன், வந்துசேர மூன்று நாள் ஆகும் என்றான்.

வெள்ளிக்கிழமை பதினோரு மணிக்கு நர்சுகளின் மேஜைப் போன் அடித்தது. பெரியப்பா வந்துவிட்டார். போன் வயர் கட்டில் வரை எட்டாது. செல்போனை உள்ளே கொண்டுபோகக் கூடாது. கடைத்தெரு லைன் எந்த நேரமும் அறுந்துபோகும். சுகிர்தராணி யோசிக்கவில்லை. ரிசீவரைத் தன்மாயா காதிலும் தன் காதிலும் படும்படி பிடித்துக்கொண்டு, நோட்டைத் திறந்து, தேதிவாரியாக வாசிக்கத் தொடங்கினாள்.

நாலாவது சொல்லில் மறுமுனையிலிருந்து கிழவர் குறுக்கிட்டு ஏதோ கேட்டார்.

"என்ன கேக்காரு?"

தன்மாயா இந்தியில் சொன்னாள்: "நீ யார் மகள் என்று கேட்கிறார். எங்கள் ஊரில் எந்த வீட்டுப் பெண் அவ்வளவு தூரம் போனாள் என்று கேட்கிறார்."

"நர்சுன்னு சொல்லு. அர்த்தம் மட்டும் கேளு, சீக்கிரம். ஜல்தி."

நுஸா என்றால் தம்பி. குர்மா என்றால் உள்ளே. தோகே என்றால் தோண்டு. கிழவர் நேபாளியில் சொல்ல, தன்மாயா இந்தியில் சொல்ல, சுகிர்தராணி பென்சிலால் பக்கத்திலேயே எழுதிக்கொண்டு வந்தாள். கடைசியில் கிழவருக்கே ஒன்று புரியவில்லை. 'லிங்பு' என்று அவன் சொல்வது ஊற்றுத் தண்ணீரைக் கொண்டுவர மலையில் போடும் மூங்கில் குழாய். அதற்குள்ளே தம்பி தூங்குகிறான் என்று வருகிறதே, ஆள் படுக்கும் அளவுக்கு மூங்கில் உங்கள் நாட்டில் உண்டா என்று கேட்டார்.

லைன் அறுந்தது.

மலையில் இருக்கும் கிழவருக்குப் புரியாதது சுகிர்தராணிக்குப் புரிந்தது. கல்ஃபில் வெயில் காலத்தைக் கழித்த யாருக்கும் புரியும். பஸ்ஸில் இடம் கிடைக்காத பையன்கள் மதிய இடைவேளையில் எங்கே போய்ப் படுப்பார்கள்? பதிக்கப் போட்டிருக்கும் கான்கிரீட் குழாய்க்குள்தான். உள்ளே நிழல், குளிர்ச்சி. தம்பியை எழுப்பப் போன அண்ணன்தான் பள்ளத்தின் ஓரமாக நடந்திருக்கிறான்.

அவள் போட்ட சத்தத்தில் எட்டுக் கட்டிலும் திரும்பிப் பார்த்தன. காதர் மைதீனுக்குப் போன் போட்டாள். "அண்ணே, தம்பிக்காரன் ஓடல. கொழாய்க்குள்ள கெடக்கான். கண்ணு தெறந்த நாள்லேருந்து அத்தத்தான் இவன் சொல்லிக்கிட்டு இருக்கான்."

அந்தப் பக்கம் அவர் போலீசைக் கூப்பிடச் சொல்லிக் கத்துவது கேட்டது.

மறுநாள் காலையில் காதர் மைதீன் கேண்டீனில் வந்து உட்கார்ந்தார். சட்டையெல்லாம் மண். டீ வாங்கி வைத்தாள், தொடவில்லை.

"எடுத்துட்டோம்" என்றார். "மண்ணு நசுக்கல சிஸ்டர். குழாய்க்கு ஒண்ணும் ஆவல. ரெண்டு பக்கமும் மூடிக்கிருச்சு, அவ்வளவுதான். சட்டையக் கழட்டி, மண்ணு கொட்டுற இடுக்குல அடச்சு வச்சிருக்கான். தண்ணி போத்தல் காலி. மூடியத் திருகி வச்சிருக்கான். போலீஸ் டாக்டரு சொல்லுறாரு..." அவர் நிறுத்தினார்.

"எத்தன நாளு உசிரோட இருந்தானாம்?"

"ரெண்டு நாளு. மூணா இருந்தாலும் இருக்கலாங்கிறாரு."

மூன்றாம் நாள் என்றால் வியாழக்கிழமை. வியாழக்கிழமை காலை எட்டு மணிக்கு அண்ணன் கண் திறந்து பேசினான். ஒன்பது மணிக்குப் பேசினான். பத்து மணிக்குப் பேசினான். ஒவ்வொரு மணிக்கும் அவள் பேனாவைத் திறந்து அந்தக் கட்டத்தை நிரப்பியிருக்கிறாள். எதிரில் இருந்த மனுசன் தன் கைகளையே பார்த்துக்கொண்டிருந்தார். "தலைய எண்ணினேனே தவிர, எங்கேன்னு ஒரு வார்த்த கேக்கலியே நான்" என்றார். யாருக்கு யார் ஆறுதல் சொல்வது? இரண்டு பேரும் ஆளுக்கொரு தாளை நிரப்பியிருந்தார்கள். இரண்டு தாளும் சட்டப்படி சரியாகவே இருந்தன.

அண்ணனுக்கு யார் சொல்வது என்று டாக்டர் கேட்டபோது, நான் சொல்லுகேன் என்றாள்.

அன்று அவன் கைக்கட்டை அவிழ்த்தாள். ஸ்டூலை இழுத்துப் போட்டு உட்கார்ந்தாள். அவன் சொற்களையே எடுத்து, அவளுக்கு வந்த மாதிரி அடுக்கினாள். நுஸா. லிங்பு. தோகே. தோண்டியாயிற்று என்பதற்கு என்ன சொல்ல வேண்டுமோ, தெரியாது. இரண்டு கையாலும் மண்ணை அள்ளி எறிந்து, ஒருவனைத் தூக்கி வெளியே எடுப்பது போலச் செய்து காட்டினாள்.

அவன் முகம் மலர்ந்தது. அதை அவளால் தாங்க முடியவில்லை. தலையை உயர்த்தி ஒரு புதுச் சொல்லைக் கேட்டான். ஒரே ஒரு சொல். அது நோட்டில் இல்லாதது. யாரும் அர்த்தம் சொல்ல வேண்டியிருக்கவில்லை. உலகத்தில் எந்த அண்ணனும் அந்த நேரத்தில் அதைத்தான் கேட்பான்.

பதிலுக்கு அவளிடம் அந்த மொழியில் சொல் இல்லை. "இல்ல மக்கா" என்றாள் தமிழில். "இல்ல."

அவன் சுவர்ப்பக்கம் திரும்பிக்கொண்டான். அதற்குப் பிறகு ஐந்து வாரம் அங்கே இருந்தான். நேபாளியும் இந்தியும் கொஞ்சம் கொஞ்சமாகத் திரும்பி வந்தன. தண்ணீர் கேட்பான், நன்றி சொல்வான், தன்மாயாவோடு இரண்டு வார்த்தை பேசுவான். தன் மொழியில் ஒரு சொல்லும் பேசவில்லை. கம்பெனி தம்பியின் மேலிருந்த ரிப்போர்ட்டைத் திரும்பப் பெற்றது. அண்ணன் ஒரு கைத்தடியோடு ஊருக்குப் போனான். போகும்போது எல்லோரும் செய்வது போலவே சுகிர்தராணியைத் தேடி வந்து கையைப் பிடித்துக்கொண்டான். அவள்தான் அழுதாள்.

இரண்டாயிரத்து ஒன்பதில் காத்மாண்டுவிலிருந்து ஒரு பெண் போன் செய்தாள். மறைந்துபோகும் மொழிகளைப் பற்றி ஆராய்ச்சி செய்கிறாளாம், நல்ல இந்தி பேசினாள். அந்த ஊருக்கு இந்த வருஷம்தான் போக முடிந்தது, தாமதமாகிவிட்டது என்றாள். பெரியவர்கள் எல்லோரும் போய்விட்டார்கள். கடைசியாக இருந்த ஒருவரும் பனிக்காலத்தில் போய்விட்டார். ஊரில் தன்பீர் என்று ஒருவர் மட்டும் இருக்கிறார், அவருக்குத் தெரியும் என்று எல்லோரும் சொன்னார்கள். மூன்று நாள் அவர் வாசலில் ரெக்கார்டரோடு உட்கார்ந்திருந்தாளாம். அவர், தனக்கு அந்தப் பேச்சு தெரியாது என்றுவிட்டாராம்.

"தெரியாதுன்னா சொன்னாரு?"

"ஆமாம். பேச ஆள் இல்லாத பேச்சு எனக்கு எதற்கு, எனக்கு அது தெரியாது என்று சொல்லிவிட்டார். கடைசி நாள் நான் கிளம்பும்போது உங்கள் பெயரைச் சொன்னார். சோஹாரில் ஒரு சிஸ்டர் இருக்கிறார், அந்த மொழி தெரிந்த ஆள் இப்போது அவர்தான், அவரைப் போய்க் கேள் என்றார்."

சுகிர்தராணி அந்தப் பழைய நோட்டை எடுத்துக் கட்டில் 4 பக்கத்தைத் திருப்பினாள்.

"எத்தனை சொற்கள் தெரியும் சிஸ்டர்? நீங்கள் சொல்வதை நான் பதிவுசெய்துகொள்ளலாமா? எந்தச் சொல்லாக இருந்தாலும் பரவாயில்லை. பயிர், பனி, மரம், கல்யாணம், எது வேண்டுமானாலும்."

"பனியும் பயிரும் எனக்குத் தெரியாதும்மா" என்றாள் அவள். "எனக்குத் தெரிஞ்சதெல்லாம், ஒருத்தன் தன் தம்பியத் தோண்டி எடுங்கன்னு கெஞ்சின இருபத்தாறு வார்த்ததான்."

அந்தப் பெண் ரெக்கார்டரின் பட்டனை அழுத்தும் சத்தம் கேட்டது. பிறகு, அதையே சொல்லுங்கள் என்றாள்.